மலைக்கு அந்தப் பக்கத்துக் கையெழுத்து

என் பிணத்தின்மேல் யார் கோடி போடுவார்கள் என்று நான் கவலைப்பட ஆரம்பித்தபோது எனக்கு இருபத்தைந்து வயதுகூட நிறையவில்லை. உடம்பில் ஒரு நோவு கிடையாது. இடுப்பில் பிள்ளையும் தலையில் குடமுமாக ராசிங்காபுரத்தில் கிணற்றுக்கும் வீட்டுக்கும் நடந்துகொண்டிருந்தவள். ஆனாலும் அந்த நினைப்பு வந்துவிட்டது. வந்தது போகவில்லை.

கட்டிக்கொடுத்த பெண் செத்தால் பிறந்த வீட்டுச் சேலை வரவேண்டும். புகுந்த வீட்டில் பட்டே போர்த்தினாலும் அதற்குமேல் அண்ணன் தம்பி கொண்டுவந்த கோடி விழுந்த பிறகுதான் தூக்குவார்கள். எங்கள் தெருவில் ஒரு பாட்டிக்கு அது வரவில்லை. பக்கத்து ஊரான தேவாரத்திலிருந்து தம்பி வரவேண்டும் என்று வெயிலில் பாடையை வைத்துக்கொண்டு ஊரே காத்திருந்தது. நிழல் தெருவின் இந்த ஓரத்திலிருந்து அந்த ஓரத்துக்குப் போய்விட்டது. தம்பியைக் காணோம். "பாகங்கேட்டு வழக்குக்குப் போனவளுக்கு எவன் கோடி கொண்டாருவான்?" என்று என் பக்கத்தில் நின்ற பெண் முந்தானையை வாயில் வைத்துக்கொண்டு சொன்னாள். கடைசியில் பக்கத்து வீட்டுக்காரர் ஒருவர் பாவப்பட்டு ஒரு சேலை எடுத்து வந்தார். வெறும் நூல் சேலை. அதன் நிறம் இன்னும் என் கண்ணில் நிற்கிறது.

அய்யா இறந்தது அதற்குப் பிறகு கொஞ்ச நாளில். அப்பாவை நாங்கள் அய்யா என்றுதான் கூப்பிடுவோம். எனக்கு இருந்தது ஒரே ஒரு அண்ணன்.

அய்யா உயில் எழுதவில்லை. போடியில் ஒரு வீடு, பொட்டிபுரம் போகிற வழியில் கொஞ்சம் மானாவாரி நிலம், மலைமேல் ஓர் ஏலத்தோட்டம். வீடும் நிலமும் அவருடைய அப்பன் வழி வந்தவை. தோட்டம் அப்படியில்லை. வாலிப வயதில் கூலிக்கு மலையேறிப் போனவர், காட்டைத் திருத்தி, செடி வைத்து, அவராகவே உண்டாக்கியது.

கவலைப்படுவதை நான் கற்றுக்கொண்டது அய்யாவிடம்தான். ஏலக்காயைக் காயப்போடுகிற கட்டடத்தை மலையில் ஸ்டோர் என்பார்கள். ஒரு பக்கம் அடுப்பு எரியும். தகரக் குழாய் வழியாகச் சூடு அறை முழுக்கப் போகும். மேலே தட்டுகளில் காய் கிடந்து காயும். குழாய் மூட்டில் விரிசல் விட்டால் ஒரு பொறி போதும், காயும் போகும், கட்டடமும் போகும். அய்யா குழாயைத் தொட்டுத் தொட்டுப் பார்த்துக்கொண்டே சுற்றி வருவார். அடுப்பு எரியாத நாளிலும் தொட்டுப் பார்ப்பார்.

இதெல்லாம் எனக்கு எப்படித் தெரியும் என்றால், நான் அங்கே இருந்தவள். அஞ்சாவது படிக்கும்போது அம்மா போய்விட்டாள். அண்ணன் போடியில் படிக்கவேண்டும். அவருக்குப் பெரியப்பா வீட்டில் சோறு. அய்யாவுக்கும் தோட்டத்து ஆட்களுக்கும் சோறாக்க ஆள் இல்லை. பள்ளிக்கூடத்துப் பையை ஆணியில் மாட்டிவிட்டு நான் அய்யாவோடு மலையேறினேன். கல்யாணமாகிற வரைக்கும் காயெடுப்புக் காலமெல்லாம் எனக்கு ஸ்டோர்தான் வீடு.

அய்யா படுத்த படுக்கையாக இருந்தபோது ஒரு நாள் அண்ணன் மெல்ல ஆரம்பித்தார். நான் காலடியில் உட்கார்ந்து கஞ்சி ஆற்றிக்கொண்டிருந்தேன்.

"அய்யா, எல்லாரும் உயில எழுதிரச் சொல்றாக."

"என்னத்தடா எழுத? எனக்கு இருக்கது ரெண்டு புள்ளைக. அத எழுதிப் பாத்தாத்தான் தெரியுமா எனக்கு?"

"இல்லய்யா, ஒரு பேச்சுக்கு..."

"பேச்சுக்கு எழுதுனா எமனுக்குக் கேட்டுரும்டா. வெரசாக் கெளம்புன்னு சொன்னாப்ல இருக்கும்." இருமி முடித்துவிட்டு என் பக்கம் திரும்பினார். "ஆத்தா, ஸ்டோர்ல மூணாவது கொழா மூட்டு விட்டிருக்கு. இவன்கிட்டச் சொல்லு, மறந்துருவான்."

அண்ணன் அங்கேயேதான் உட்கார்ந்திருந்தார். இருந்தாலும் நான் திரும்ப ஒரு தரம் சொன்னேன். அய்யா எங்களுக்கு வாய்விட்டுச் சொல்லிவிட்டுப் போன உயில் அந்தக் குழாய் மூட்டு ஒன்றுதான். ஆவணியில் போய்விட்டார்.

பெண்ணுக்கும் பாகம் உண்டு என்று சட்டம் வந்த புதுசு அது. டீக்கடையில் பேப்பர் படிக்கக் கேட்டுவிட்டு வந்த ஆம்பளைகள் வீட்டில் வந்து அதைச் சொல்லாமல் இருந்தார்கள். என் வீட்டுக்காரர் வந்து சொன்னார். அவருக்கு ஒளித்து வைக்கத் தெரியாது.

"ஒங்கய்யா சுயமாச் சம்பாதிச்ச சொத்துல ஒங்கண்ணனுக்கு எம்புட்டோ ஒனக்கும் அம்புட்டாம். நான் கேக்கச் சொல்லல. அவரு கையெழுத்துன்னு வந்து நின்னா யோசிச்சுப் போடுன்னு சொல்றேன்."

"யோசிச்சா எனக்குப் போட வராதுங்க."

"அப்ப யோசிக்காத" என்று சிரித்துவிட்டு மாட்டுக்குத் தண்ணீர் காட்டப் போய்விட்டார்.

யோசிக்காமல் எப்படி இருப்பது? போட்டால் வீட்டுக்காரர் மனசுக்குள் வைத்துக்கொள்வாரோ என்று கவலை. போடாவிட்டால் அந்தப் பாட்டியின் பாடை வந்து கண்முன் நின்றது. அண்ணனைவிட அவர் மனைவி மதினியை நினைத்துத்தான் எனக்குப் பயம் அதிகம். மதினி வாயாடி. மனசில் பட்டதை முகத்துக்கு நேரே சொல்லிவிடுவாள். அவளுக்கு ரெண்டும் பெண் பிள்ளைகள். வீட்டை எறும்பு மாதிரி சேர்த்துக் காப்பாற்றுகிறவள். அவள் ஒரு முறை முகத்தைத் திருப்பிக்கொண்டால் போடியில் எனக்கு வீடு கிடையாது.

ஐப்பசியில் அண்ணன் வந்து கூப்பிட்டார். போனேன். போட்டேன்.

பத்திரம் எழுதுகிறவர் வாசித்துக்காட்டினார். என் பாகத்தை அண்ணனுக்கு விட்டுக்கொடுக்கிற விடுதலைப் பத்திரம். வீடு, நிலம், தோட்டம் மூன்றையும் வரிசையாகச் சொல்லி, இன்று முதல் அவற்றில் எனக்கோ என் வாரிசுகளுக்கோ யாதொரு பாத்தியமும் இல்லை என்று முடித்தார். அந்த 'யாதொரு' என் காதில் ஈ மாதிரி புகுந்துகொண்டது. யாதொரு பாத்தியமும் இல்லையென்றால், தாகத்துக்குப் பானையில் கைவிட்டுத் தண்ணீர் மொள்ளக்கூடப் பாத்தியம் இல்லையா? இதை யாரிடம் கேட்பது? அஞ்சாம் வகுப்பில் கற்ற கையெழுத்தை ஒவ்வொரு எழுத்தாக நட்டுவைத்தேன்.

வீட்டுக்கு வந்ததும் மதினி மஞ்சள் குங்குமத்தோடு சின்னாளபட்டிச் சேலை ஒன்றைத் தட்டில் வைத்துக் கொடுத்தாள். நல்ல சேலை. அவளே கடைக்குப் போய் எடுத்தது. பிறகு சாப்பிடக் கூப்பிட்டாள். எப்போதும் அடுக்களையில் அவளோடு தரையில் உட்கார்ந்து, சட்டியை நடுவில் வைத்துக்கொண்டு தின்பவள் நான். அன்றைக்கு முன்கட்டில் இலை போட்டு, வடை பாயசத்தோடு, எனக்கு எதிரே நின்று பரிமாறினாள். எனக்குத் தொண்டையில் இறங்கவில்லை. விருந்தாளிக்குத்தான் இலை.

ஊருக்குத் திரும்பிய பிறகு மேற்கே பார்ப்பதை நிறுத்திவிட்டேன். ராசிங்காபுரத்தில் எங்கே நின்றாலும் மலை தெரியும். முன்பெல்லாம் மேகம் எங்கே இறங்கியிருக்கிறது, அய்யா நனைந்திருப்பாரா என்று பார்ப்பேன். இப்போது பார்த்து என்ன?

மார்கழியில் ஒரு காலைப்பொழுது அண்ணன் சைக்கிளில் வந்து இறங்கினார். வந்தவர் உட்காரவில்லை. பிள்ளையைத் தூக்கினார், இறக்கினார். மாட்டைத் தட்டிக்கொடுத்தார். கூரையைப் பார்த்து, "ஓல மாத்தணும் போலயே" என்றார். போன மாதம்தான் மாற்றியிருந்தோம்.

"என்ன மச்சான், முள்ளு மேல நிக்கிறீக?" என்றார் என் வீட்டுக்காரர்.

"ஒரு சின்னத் தப்பு நடந்துபோச்சு மாப்ளே."

சின்னத் தப்பு இதுதான். மலைத் தோட்டம் நாங்கள் எழுதிய பத்திரத்தில் செல்லாது. மாநிலம் பிரித்ததில் அது கேரளத்தில் இருக்கிறது. அதற்கு முந்தியும் அது நம்முடையதாக இருந்ததில்லை. ராஜா காலத்திலிருந்தே வேறு சீமை. அங்கே உள்ள சொத்துக்கு அங்கே போய், அவர்கள் பாஷையில் எழுதி, அவர்கள் ஆபீசில் பதியவேண்டுமாம்.

வேறு ஊர்க்காரர்கள் கேட்டால் சிரிப்பார்கள். ஆனால் போடிக்காரர்கள் யாரும் இந்தத் தப்பைச் செய்திருப்பார்கள். எங்களுக்கு மலை என்பது போடியின் மாடி. கீழே வீடு, மேலே தோட்டம். காலையில் கட்டுச்சோறு கட்டிக்கொண்டு ஏறுவோம். அங்கே விளைந்தது இங்கே விற்கும், இங்கே பொங்கினது அங்கே தின்னும். நடுவில் ஒரு கோடு ஓடுகிறது என்பது எங்கள் காலுக்குத் தெரிந்ததே இல்லை. மாடிக்கும் கீழ்வீட்டுக்கும் யாராவது ரெண்டு பத்திரம் எழுதுவார்களா?

"பட்டா இன்னும் அய்யா பேர்லயே கெடக்குது" என்றார் அண்ணன். "ஆளில்லாத பேர்ல கெடந்தா எவனாச்சும் வேலிய நகட்டிருவான். இன்னொரு தரம் கையெழுத்து வேணும். இவ அங்க வரணும்."

என் வீட்டுக்காரர் மீசையைத் தடவினார். "அந்தக் கையெழுத்துக்கு ஒரு சேல குடுத்தீக. இதுக்கும் உண்டா மச்சான்?"

"ஏ மாப்ளே, ரெண்டு சேல தாரேன்யா. கொல்லாதீக."

சிரித்தார்கள். ஆனால் அண்ணன் போனதும் அவர் என்னிடம் குரலைத் தாழ்த்திச் சொன்னார்: "போட்டதச் சாமியே எடுத்துத் திருப்பி ஒங் கையில குடுத்திருக்கு. இப்பவும் நான் ஒண்ணும் சொல்லல."

"நீங்களும் வாங்களேன்."

"நான் வந்தா பாகத்துக்கு வந்தாம்பாக. நீயே போ. போடு, போடாம இரு, ரெண்டுல எதுன்னாலும் ராத்திரிக்கு எனக்குச் சோறு போட்டா சரி."

இவ்வளவு நல்லவராக இருப்பதும் ஒரு கவலைதான். திட்டினால் ஒரு பக்கம் சாய்ந்துகொள்ளலாம்.

ஒரே ஒரு விஷயம் மட்டும் அண்ணனிடம் கேட்டிருந்தேன். ஆபீசுக்குப் போகுமுன் தோட்டத்தை ஒரு தரம் கண்ணால் பார்க்கவேண்டும். அதற்கென்ன என்று ஒத்துக்கொண்டார். போடியில் பஸ் ஏறப் போனால் அங்கே மதினி, கையில் புளிச்சோற்றுத் தூக்கோடு நின்றாள்.

"என்ன பாக்குற நாத்துனா? ஒங்கண்ணன் தங்கச்சி கண்ணுல தண்ணியப் பாத்தா மலையவே தூக்கிக் குடுத்துட்டு வந்துருவாரு. அதான் நானும் வர்றேன்" என்றாள், அண்ணனையும் வைத்துக்கொண்டே.

கல்யாணமாகி இத்தனை வருசத்தில் மதினி மலையேறினதே இல்லை. முதல் வளைவில் பேச்சு நின்றது. மூன்றாவது வளைவில் கண்ணை மூடிக்கொண்டாள். அதற்குப் பிறகு சன்னலுக்கு வெளியே தலையை நீட்டினவள் உள்ளே எடுக்கவேயில்லை. நான் அவள் நெற்றியைத் தாங்கிப் பிடித்துக்கொண்டு, எலுமிச்சம்பழத்தைக் கடித்து மூக்கில் வைத்தேன். அவள் என் மடியில் சாய்ந்துவிட்டாள். நான் பயந்து பயந்து ஒதுங்கி நின்ற ஆள் என் மடியில் துணிமூட்டை மாதிரி கிடந்ததும் எனக்கு வாய் திறந்துவிட்டது.

"மதினி, நான் செத்தா நீங்க கோடி கொண்டாருவீகளா?"

மதினி ஒரு கண்ணைத் திறந்தாள். "அடிப் பாதகத்தி. மொதல்ல நான் இந்த மலையேறி உசுரோட எறங்குறேனான்னு பாரு. நீ எனக்குக் கோடி எடு." மறுபடி சன்னல் பக்கம் திரும்பினாள். திரும்பிவிட்டு, "இந்த மலையிலயா பாகம் கேக்குறாக? எனக்குச் சும்மா குடுத்தாலும் வேணாம்டி ஆத்தா" என்றாள். பின்னாலிருந்த ஆட்கள் சிரித்தார்கள்.

மேட்டில் இறங்கி, ஒரு ஜீப்பில் நெருக்கி உட்கார்ந்து, அதற்கப்புறம் நடந்தோம். காயெடுப்பு முடிகிற சமயம். பெரிய மரங்களுக்கடியில் செடிகள் ஆள் உயரத்துக்கு நின்றன. அடியில் தரையோடு தரையாகக் காய் பிடிக்கிற சரங்கள் படர்ந்து கிடந்தன. அந்த வாசனை மூக்கில் ஏறியதும் எனக்குக் கால் தானாக வேகம் எடுத்தது. அண்ணனை முந்திக்கொண்டு ஸ்டோருக்குள் போனேன். நேரே போய் மூன்றாவது குழாய் மூட்டைத் தொட்டேன்.

புதுத் தகரம் சுற்றியிருந்தது. கம்பி போட்டு இறுக்கி, மேலே களிமண் பூசி.

"எப்ப மாத்துனீக?"

"நீ சொன்ன மறுநாளே வந்து மாத்துனேன்" என்றார் அண்ணன். "போயி அய்யாகிட்டச் சொல்லணும்னு அன்னைக்கே எறங்குனேன். அவருக்கு நெனவு தப்பிருச்சு. காதுல சொன்னேன். கேட்டுச்சோ என்னமோ."

அண்ணன் இதை எனக்குச் சொன்னதே இல்லை. நான் குழாயைப் பிடித்துக்கொண்டு அழுதேன். அவர் வேறு பக்கம் திரும்பி, ஏற்கெனவே சரியாக இருந்த ஒரு குழாய் மூட்டை இன்னும் கொஞ்சம் இறுக்கினார்.

மதினி இதையெல்லாம் பார்த்துக்கொண்டு வாசலில் நின்றாள். மார்கழிக் குளிர், முந்தானையைத் தலையோடு சுற்றியிருந்தாள். "எங்க நின்னு சோறாக்குவ?" என்று கேட்டாள். ஸ்டோருக்குப் பின்னால் இருந்த சாய்ப்பைக் காட்டினேன். மூன்று கல், புகையில் கருத்த தட்டி, மூலையில் ஒரு பலகை. பக்கத்திலேயே ஓடைத் தண்ணீர் சத்தம்.

"படுக்க?"

"அந்தப் பலகதான் மதினி. அடுப்புச் சூட்டுக்கு."

"அட்ட கடிக்காது?"

"மழைக்காலத்துல கடிக்கும். காலுல சுண்ணாம்பும் பொகையிலையும் தேச்சுக்குவேன்."

"எத்தன ஆளுக்குச் சோறு?"

"காயெடுப்புல இருபது பேருகூட இருப்பாக."

மதினி குனிந்து அந்த மூன்று கல்லில் ஒன்றைத் தொட்டுப் பார்த்தாள். "ஒனக்கு என்ன வயசு அப்ப?"

"பத்து இருக்கும்."

அவளுடைய மூத்தவளுக்கு அப்போது ஒன்பது முடிந்திருந்தது. அந்தப் பிள்ளைக்குத் தலை சீவிவிட்டு, பால் குடிக்கவைத்து, பள்ளிக்கூடத்துக்கு அனுப்பிவிட்டுத்தான் மதினி அன்றைக்கு பஸ் ஏறியிருந்தாள். புளிச்சோற்றைப் பிரித்து மூன்று பேருக்கும் ஒரே தூக்குமூடியில் வைத்தாள். தரையில் உட்கார்ந்து, கையால் எடுத்துத் தின்றோம். எனக்கு இறங்கியது.

பதிவு ஆபீஸ் ஒரு சரிவில் இருந்தது. அண்ணன் முன்பே அங்கே ஒருவரிடம் சொல்லிப் பத்திரம் எழுதி வைத்திருந்தார். நான் அங்கே நின்றபோது கவலைகள் எல்லாம் ஒன்றாக எழுந்து வந்தன. குழாய் மூட்டை மாற்றிய அண்ணனுக்குப் போடாமல் யாருக்குப் போடுவது? ஆனால் போட்டுவிட்டால் இனி எந்தப் பெயரைச் சொல்லி இந்த மலைக்கு வருவேன்? பாகம் வேண்டும் என்று எனக்குத் தோன்றவில்லை. பொய் சொல்லக்கூடாது, தோன்றியது. அந்த மூன்று கல் கிடக்கிற இடம் மட்டும் என்னுடையது என்று தோன்றியது.

அதிகாரி கண்ணாடி போட்ட மனிதர். சாந்தமான குரல். பத்திரத்தை என் பக்கம் தள்ளிவிட்டு, "சொந்தம் இஷ்டத்தினாணோ ஒப்பிடுந்நது?" என்று கேட்டார்.

எனக்கு மலையாளம் புரியும். தோட்டத்து ஆட்களிடம் கற்றது. ஆனாலும் புரியாதவள் மாதிரி பேனாவை மட்டும் கையில் எடுத்தேன். அவர் மறுபடி கேட்டார்.

"என்ன கேக்குறாரு?" என்றாள் மதினி பின்னாலிருந்து.

"மனசோட போடுறியான்னு கேக்குறாரு."

"சொல்ல வேண்டியதுதான?"

நான் பேனாவைப் பார்த்துக்கொண்டு நின்றேன். அண்ணன் தரையைப் பார்த்தார். அதிகாரி பொறுமையாகக் கண்ணாடியைத் துடைத்தார். அப்போது மதினி அண்ணனின் துண்டைப் பிடித்து, "ஏங்க, இங்கிட்டு வாங்க" என்று வாசலுக்கு இழுத்துக்கொண்டு போனாள். அவளுக்கு மெதுவாகப் பேசவராது. ஆபீஸ் முழுக்கக் கேட்டது.

"நமக்கு இருக்கது ரெண்டும் பொட்டப்புள்ள. நாளைக்கு ஒங்களுக்குப் பெறகு எந்தப் புள்ள எந்தப் புள்ளைக்குக் கையெழுத்துப் போடும்?"

"அதுக்கும் இதுக்கும் என்ன?"

"பத்து வயசுல இவள அந்தப் பொகைக்குள்ள விட்டுட்டு நீங்க போடியில படிச்சிருக்கீக. இத்தன வருசத்துல ஒரு நா, ஒரு வார்த்த, எங்கிட்டச் சொன்னீகளா?"

"சின்னப்புள்ளையில அய்யா கூட்டிட்டுப் போனாரு. நான் என்ன செய்ய?"

"ஒண்ணுஞ் செய்ய வேணாம். தோட்டம் இவ பேரும் சேந்து கெடக்கட்டும். பாடுபடுறது நீங்க படுங்க, காயில இவளுக்கு உள்ளதக் குடுங்க."

"நாளைக்கு மாப்ள அவுக பங்க வெளியாளுக்கு வித்துட்டா? வேத்தாளு ஸ்டோருக்குள்ள வந்து நின்னா?"

அண்ணனுடைய பயமெல்லாம் அதுதான். அன்றைக்குத்தான் எனக்கும் தெரிந்தது. நான் அங்கிருந்தே, "விக்க மாட்டோம்ண்ணே" என்றேன்.

"வித்தா கோடி கெடையாதுன்னு சொல்லிருங்க. அதுக்குப் பயந்து கெடப்பா" என்றாள் மதினி. பிறகு என்னைப் பார்த்து விரலை ஆட்டினாள். "ஏ நாத்துனா, இதச் சாக்கா வச்சுப் போடியில போட்டதத் திருப்பிக் கேக்காத. அந்த வீடு என் வீடு."

"கேக்கல மதினி."

"தண்ணி மோந்துக்க, சோறு தின்னுக்க. வீடு என்னது."

யாதொரு பாத்தியத்தைப் பற்றி நான் அவளிடம் வாயே திறக்கவில்லை. எப்படித்தான் தெரிந்ததோ.

திரும்பி உள்ளே வந்த அண்ணன் முகம் வெளுத்திருந்தது. ஆனால் சுமை இறக்கிய ஆள் மாதிரி தோள் தாழ்ந்திருந்தது. அதிகாரியிடம் தனக்குத் தெரிந்த அரைகுறை மலையாளத்தில், இந்தப் பத்திரம் வேண்டாம் என்று சொன்னார். பத்திரம் எழுதிக்கொடுத்தவருக்குக் கோபம். "முன்னாடியே யோசிச்சுட்டு வரக்கூடாதா?" என்று அவர் பாஷையில் கடிந்துகொண்டார். அதிகாரி மட்டும் பத்திரத்தை மடித்து அண்ணனிடமே கொடுத்துவிட்டு லேசாகச் சிரித்தார். பட்டாவை ரெண்டு பேர் பெயருக்கும் மாற்றக் கேட்கிற மனு வேறு இடத்தில் கொடுக்க வேண்டியதாம். எந்த ஆபீஸ், எத்தனை நடை என்பதெல்லாம் அண்ணன் பார்த்தது, எனக்கு விளங்கவில்லை. அன்றைக்கே எழுதின அந்த மனுவில் அண்ணன் கையெழுத்துக்குக் கீழே என்னுடையதைப் போட்டேன். இழக்கும்போது ஒரு பயம். கைக்கு வந்தபிறகு பத்துப் பயம்.

இறங்குகிற பஸ்சில் மதினி கண்ணை இறுக மூடிக்கொண்டு என் கையைப் பிடித்திருந்தாள். நான் எதிர் சீட்டில் இருந்த அண்ணனின் காதோர நரையைப் பார்த்துக்கொண்டு வந்தேன். அவர் என்னைவிட மூத்தவர். எனக்கு முந்தி அவர் போய்விட்டால்? வாயை அடக்கப் பார்த்தேன், முடியவில்லை.

"அண்ணே, நீங்க எனக்கு முந்திப் போயிட்டா கோடிக்கு யாரு வருவா?"

பஸ் வளைவில் திரும்பியது. அண்ணன் தலையில் அடித்துக்கொண்டார். "பொங்கச்சீரோட அதையும் எடுத்து ஒம் பொட்டியில வச்சிட்டுப் போயிர்றேன். போதுமாத்தா?"

"எம் மூத்தவ கொண்டாருவா" என்றாள் மதினி, கண்ணைத் திறக்காமல். "இப்பச் செத்த சும்மா இரு. எனக்கு வருது."

தையில் அண்ணன் சீர் கொண்டுவந்தார். அரிசி, வெல்லம், கரும்பு, மஞ்சள் கொத்து, ஒரு துணி முடிச்சில் ஏலக்காய். அய்யா இருந்தவரை அவர் கையால் முடிந்து கொடுப்பார், அதே முடிச்சு. அடியில் ஒரு சேலை.

"மச்சான், இது பொங்கலுக்கா, ரெண்டாவது கையெழுத்துக்கா?" என்று கேட்டார் என் வீட்டுக்காரர்.

"ஒங்க வீட்டம்மாகிட்டக் கேளுங்க. அவ எதுக்குன்னு நெனச்சுக்கிறாளோ அதுக்கு."

நான் அதை உடுத்தலாமா, பெட்டியில் வைக்கலாமா என்று ஆவணி வரைக்கும் முடிவு செய்யாமல் இருந்தேன். முதல் காயெடுப்புக்கு அண்ணன் ஆள் அனுப்பியபோது எடுத்து உடுத்திக்கொண்டேன். ஸ்டோர் அடுப்பில் ஒரு பொறி தெறித்து முந்தானையில் மிளகளவு ஓட்டை விழுந்தது. நல்லதாகப் போயிற்று, அதற்குப் பிறகு அது கோடியாகாது, கட்டுகிற சேலைதான்.

மறுபடியும் மேற்கே பார்க்க ஆரம்பித்தேன். இப்போது முன்னைவிட மோசம். முன்னால் அய்யா நனைவாரா என்ற ஒரே கவலை. இப்போது மழை கூடினால் பூ உதிருமே, குறைந்தால் சரம் காயுமே, காற்றில் மரம் சாய்ந்தால் செடிமேல் விழுமே, பன்றி கிளறுமே, இதில் மூன்றாவது மூட்டு வேறு. காலையில் சாணி தெளிக்கிற வாளியோடு வாசலில் நின்று மலையைப் பார்த்துக்கொண்டே இருந்துவிடுவேன். என் வீட்டுக்காரர் பல்குச்சியை மென்றுகொண்டு பக்கத்தில் வந்து நிற்பார்.

"என்ன, ஒம் பாகத்துல மழையா?"

"மேகம் எறங்கியிருக்குங்க."

"எம்புட்டு?"

"பாதிக்கு இருக்கும்."

"அப்ப அது ஒங்கண்ணன் பாகமா இருக்கும். வாளிய வையி, கை கடுக்கப்போகுது."